எங்கள் வீட்டு ஜிகட்டு

கூகுளில் 'கோலமாவு மரம்' என்று தேடிப் பாருங்கள். கோலமாவு டப்பா வரும், கோலம் போடும் உருளை வரும், மார்கழி நெருங்கினால் பத்து கலர் பாக்கெட் ஒன்றாகக் கட்டி வரும். மரம் வருவதற்குள் விரல் வலித்துவிடும்.

எனக்கு அந்த மரம்தான் வேண்டியிருந்தது. பத்து வயதிலிருந்து பதினேழு வயதுவரை அதன் பட்டையைத் தினமும் கையால் தொட்டிருக்கிறேன். பொடியாகத் தொட்டேன். அது ஒரு மரம் என்றே தெரியாமல் தொட்டேன். எங்கள் வீட்டில் அதற்குப் பெயர் ஜிகட்டு.

எண்பதுகளில் புளியந்தோப்பில் ஓர் ஒண்டுக்குடித்தனத்தில் இருந்தோம். எட்டுக் குடித்தனம், ரெண்டு கக்கூஸ், ஒரு அடிபம்பு. அப்பாவுக்கு மில் வேலை. மில் ஓடினால் சம்பளம், பூட்டிக் கிடந்தால் அம்மாவின் ஊதுபத்தி. வாரத்தில் ரெண்டு நாள் கம்பெனிக்காரர் மீன்பாடி வண்டியில் மூட்டைகளோடு வருவார். கரித்தூள் ஒரு மூட்டை, மரத்தூள் ஒரு மூட்டை, மூங்கில் குச்சிக் கட்டுகள், கடைசியில் சின்னதாக ஒரு கோணிப்பை. அந்தச் சின்னப் பைதான் ஜிகட்டு. மற்றதையெல்லாம் முற்றத்தில் தொப்பென்று இறக்குவார். ஜிகட்டை மட்டும் தராசில் வைத்து, அம்மாவின் கண்ணெதிரில் நிறுத்துக் கொடுப்பார். விலை அப்படி.

மாவு பிசைவதைச் சொல்ல வேண்டும். கரித்தூளையும் ஜிகட்டையும் முதலில் உலர்வாகவே கலந்துவிட்டு, தண்ணீரைத் தெளித்துத் தெளித்துச் சேர்ப்பாள். கொஞ்ச நேரம் எல்லாம் பொலபொலவென்று உதிரும், 'இது எங்கே சேரப் போகிறது' என்று தோன்றும். நாலு பிசை பிசைந்ததும் ஜிகட்டு வேலையைக் காட்ட ஆரம்பிக்கும். கறுப்பு மாவு சட்டென்று ஒன்றுகூடிக் கையோடு வரும். வெண்டைக்காய் நறுக்கின கை மாதிரி ஒரு வழுவழுப்பு. ஈரத்துணியால் மூடி ஒரு மணி நேரம் ஊறவைப்பாள். அப்புறம் மணைப்பலகை, கொட்டைப்பாக்களவு மாவு, இடது கையில் குச்சி. குச்சியின் நுனியில் மாவை ஒட்டி, வலது உள்ளங்கையால் பலகைமேல் ஒரே உருட்டு. மாவு குச்சியைச் சுற்றிக்கொண்டே ஏறி, பிடிப்பதற்கு ரெண்டு விரல்கடை விட்டு நின்றுவிடும். மரத்தூளில் ஒரு புரட்டு, முறத்தில் ஒரு வீச்சு, அடுத்த குச்சி. பேசிக்கொண்டே செய்வாள், பார்க்கவே மாட்டாள்.

ஊதுபத்தி உருட்டுகிற வீடு கமகமவென்று இருக்கும் என்று என் பள்ளித் தோழிகள் நினைத்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் வீட்டில் ஈரக் கரியின் வாடைதான். அம்மா உருட்டினது வாசனையே இல்லாத வெறும் பத்தி. காய்ந்ததும் கம்பெனிக்காரர் எடுத்துக்கொண்டு போய், அங்கே செண்ட்டில் முக்கி, அட்டைப்பெட்டியில் போட்டு, மல்லிகை என்றும் சந்தனம் என்றும் பெயர் வைப்பார்கள். எங்கள் வீட்டுச் சாமி படத்துக்குக் கடையில் காசு கொடுத்துத்தான் ஊதுபத்தி வாங்கினோம்.

ஜிகட்டு வந்ததும் அம்மா ஒரு சோதனை செய்வாள். ஒரு சிட்டிகை எடுத்து, எச்சில் தொட்டு, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து மூன்று தடவை தேய்ப்பாள். பிறகு விரலை மெல்லப் பிரிப்பாள். ரெண்டு விரலுக்கும் நடுவில் மெல்லிசாக நூல் எழும்ப வேண்டும். எழும்பினால் "சரக்கு" என்பாள். எழும்பாமல் பொட்டென்று விட்டுவிட்டால், "ஐயே, மரத்தூள கலந்துக்கீறாங்க" என்று பையைத் தள்ளிவிடுவாள். கலப்பட ஜிகட்டில் உருட்டின பத்தி ஈரத்தில் நன்றாகத்தான் இருக்கும். காய்ந்தால் வெடிக்கும். கட்டுக் கட்டும்போது மாவு தனியாக, குச்சி தனியாக உதிரும். அந்த நஷ்டம் கம்பெனிக்கு இல்லை, உருட்டினவளுக்கு.

கூலி ஆயிரத்துக்கு இரண்டு ரூபாய் சொச்சம். ஒடிந்தது, வளைந்தது, வெடித்தது எல்லாம் கழிவு. என் வேலை நோட்டில் எழுதுவது. கட்டு கட்டாக எண்ணித் தேதி போட்டு எழுதுவேன். கம்பெனியில் ஒரு தடவை எண்ணுவார்கள், அந்த எண்ணிக்கை என் எண்ணிக்கையைவிட எப்போதும் குறைவாகவே இருக்கும். ஒருமுறை முந்நூறு குறைந்தது. நான் நோட்டைத் தூக்கிக்கொண்டு போய்க் காட்டினேன். அந்த ஆள் நோட்டைத் திறக்கக்கூட இல்லை. "பாப்பா நல்லா படிக்குதா?" என்று அம்மாவிடம் கேட்டார். நான் இன்றைக்கு ஓர் ஆடிட்டரிடம் வேலை பார்க்கிறேன் என்றால் அதற்கு அந்த முந்நூறும் ஒரு காரணம்.

"ஜிகட்டு எதுலேர்ந்து வருது?" என்று ஒருநாள் அவரிடமே கேட்டேன். "கெமிக்கல்மா. பெங்களூர்லேர்ந்து வருது" என்றார். ரொம்ப வருஷம் அப்படியே நம்பிக்கொண்டிருந்தேன்.

போன வருஷம் மே மாதம், தோழி ஒருத்தி தாண்டிக்குடிக்குக் கூப்பிட்டாள். கீழ்ப்பழனி மலையில் அவள் குடும்பத்துக்கு நாலு ஏக்கர் காப்பித் தோட்டம். திண்டுக்கல்லில் ரயிலை விட்டு இறங்கி, பெரும்பாறை, தடியன்குடிசை என்று ஏறினால் மெட்ராஸ் வெயில் ஏதோ போன ஜென்மத்து விஷயம்போல் ஆகிவிடுகிறது. காப்பி நிழலில் வளர்கிற செடி. அதனால் தோட்டம் என்று பெயரே தவிர, பார்த்தால் பாதிக் காடு. சில்வர் ஓக், பலா, கல்யாணமுருங்கை, அதில் ஏறின மிளகுக்கொடி, நடுநடுவே மலைவாழை. வரப்போரம் பட்டர் ஃப்ரூட் காய்த்துத் தொங்கியது. சென்னையில் ஜூஸ் கடையில் பால் ஊற்றிச் சர்க்கரை போட்டு அடித்துத் தருகிறார்களே, அதேதான். இந்தப் பக்கத்து மலைகளில்தான் ரொம்ப காலமாக விளைகிறது. தடியன்குடிசை ஆராய்ச்சி நிலையத்திலிருந்து டி.கே.டி. 1 என்று ஒரு ரகமே வந்திருக்கிறது.

பட்டர் ஃப்ரூட்டைத் தாண்டி, ஓடைக்கு இறங்குகிற சரிவில் ஒரு பெரிய மரம். அதன் கீழே ஒரு பட்டுப்போன கிளை விழுந்து கிடந்தது. காவலுக்கு இருந்த பெரியவருக்கு எழுபது இருக்கும். கிளையை ஓரமாக இழுத்துப் போட்டுக்கொண்டே, "பாத்து வாங்க தாயி, கோலமாவு வழுக்கும்" என்றார்.

கோலமாவா? இங்கே யார் கோலம் போடுகிறார்கள் என்று நான் தரையைப் பார்த்தேன். அவர் சிரித்துவிட்டார். "மரத்துக்குப் பேரு தாயி. பட்டையில பசை இருக்கும். ஊதுபத்திக்கு உரிச்சுக் கொண்டுபோவாங்கல்ல, அந்த மரம்."

அப்படியே நின்றுவிட்டேன். தோழி என்னவோ ஏதோ என்று பயந்துவிட்டாள்.

அந்தக் கிளைப் பட்டையில் உள்ளங்கையளவு ஒன்று நெகிழ்ந்து தொங்கியது. பிய்த்தேன். வெளிப்பக்கம் சொரசொரப்பான பழுப்பு, பொட்டுப் பொட்டாகப் பருக்கள். உள்பக்கம் சிவப்போடியிருந்தது. முதல் நாள் மழை பெய்திருந்ததால் ஈரம். கட்டைவிரலால் தேய்த்தேன். பழக்கம் எங்கே போகும்? விரலைப் பிரித்தேன். நூல் எழும்பியது.

சென்னைக்கு வந்த பிறகுதான் தேட ஆரம்பித்தேன். தாவரவியலில் இதற்கு மெக்கிலஸ் மேக்ராந்தா, பெர்சியா மேக்ராந்தா, மெக்கிலஸ் கிளாசெசென்ஸ் என்று பல பெயர்கள். ஒரு பங்காளிச் சண்டைக்குப் போதுமான ஆவணங்கள் இருக்கின்றன. மேக்ராந்தா என்றால் பெரிய பூ. பூவைப் பார்த்தால் சிரிப்பு வரும், விரல் நகத்தளவு இருந்தால் அதிகம். அதன் சொந்தக்காரர்களின் பூக்கள் அதைவிடப் பொடிசு என்பதால் இதற்கு அந்தப் பட்டம். கிளாசெசென்ஸ் எனக்குப் பிடித்திருக்கிறது. சாம்பல் பூத்தது என்று சொல்லலாம். இலையைத் திருப்பினால் அடிப்பக்கம் அப்படித்தான், யாரோ திருநீறு தடவித் துடைத்த மாதிரி.

அந்தக் கடைசிப் பெயருக்குப் பின்னால் இருப்பவர் ராபர்ட் வைட். 1819இல் கிழக்கிந்தியக் கம்பெனி மருத்துவராக மெட்ராஸுக்கு வந்து, வைத்தியத்தைவிடச் செடிகளில் அதிகமாகத் திரிந்தவர். அவர் வெளியிட்ட ஆயிரக்கணக்கான தாவரப் படங்களுக்கு வரைந்து கொடுத்தவர்கள் ரங்கையா, கோவிந்து என்ற இரண்டு ஓவியர்கள். வைட்டின் பெயர் ஏகப்பட்ட செடிகளின் பின்னால் ஒட்டிக்கொண்டிருக்கிறது. கோவிந்துவுக்கு ஒன்றோ இரண்டோ. உருட்டினவர்கள் பெயர் எந்த அட்டைப்பெட்டியில் வந்திருக்கிறது? இன்னொரு வேடிக்கை, மெட்ராஸ் ஹெர்பேரியம் என்று ஒன்று இருக்கிறது. பழைய மாகாணத்தின் செடிகளையெல்லாம் அழுத்திக் காயவைத்துச் சேர்த்த கருவூலம். மெட்ராஸில் தேடாதீர்கள், நூறு வருஷத்துக்கு மேலாக அது கோயம்புத்தூரில் இருக்கிறது.

மரத்தின் குடும்பம் லாரேசி. தமிழில் லவங்கக் குடும்பம் என்று சொன்னால் சென்னையில் தப்பாகப் புரிந்துகொள்வார்கள். நமக்கு லவங்கம் என்றால் கிராம்பு, அது நாவல் மரத்தின் உறவு. பட்டை என்கிறோமே, அதுதான் லாரேசி. பிரியாணிக்குத் தாளிக்கும்போது பட்டை, லவங்கம், பிரிஞ்சி இலை என்று ஒரே மூச்சில் எண்ணெயில் போடுகிறோம். மூன்றில் இரண்டு ஒரே குடும்பம், நடுவில் இருப்பது விருந்தாளி.

இது தெரிந்ததிலிருந்து சாப்பாட்டில் வரும் பிரிஞ்சி இலையை ஓரமாக ஒதுக்காமல் எடுத்துப் பார்க்க ஆரம்பித்துவிட்டேன். நீங்களும் பாருங்கள். காம்பிலிருந்து நுனிவரை மூன்று நரம்பு ஓடும். நடுவில் ஒன்று, பக்கத்துக்கு ஒன்று, சூலம் மாதிரி. அது பட்டை மரத்தின் சாதி இலை. மேல்நாட்டுச் சமையலில் போடுகிற பே லீஃபில் நடுநரம்பு ஒன்றுதான். அதுவும் இதே குடும்பம், ஆனால் வேறு மரம், வேறு வாசம். சூப்பர் மார்க்கெட்டில் இரண்டுக்கும் ஒரே பெயர் ஒட்டி விற்கிறார்கள். போன மாதம் ஒரு கல்யாணப் பந்தியில் நான் இலையைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்ததில், பக்கத்தில் உட்கார்ந்திருந்த மாமி சாப்பாட்டில் ஏதோ விழுந்துவிட்டது என்று எழுந்துவிட்டார்.

கற்பூரமும் இந்தக் குடும்பம்தான். அல்லது அப்படி இருந்தது. சீனா, ஜப்பான், தைவான் பக்கத்துக் கற்பூர மரத்தைச் சீவல் சீவலாகச் செதுக்கி ஆவியில் வடித்தெடுத்த பொருள். தைவான் ஜப்பான் கையில் இருந்தபோது 1899இல் கற்பூரத்தை அரசாங்கமே ஏகபோகமாக வைத்துக்கொண்டது. காரணம் சாமி இல்லை, செல்லுலாய்டு. பழைய நைட்ரேட் சினிமா ஃபிலிமை வளைந்து கொடுக்கச் செய்தது கற்பூரம்தான். இப்போது கபாலி கோயில் வாசலில் நாம் வாங்கி ஏற்றுகிற வில்லை பெரும்பாலும் பைன் மரத்து டர்பன்டைனிலிருந்து ஆலையில் செய்தது. தீபாராதனைத் தட்டிலிருந்து குடும்பம் ஓசையில்லாமல் இறங்கிப் போய்விட்டது. ஊதுபத்தியில் மட்டும் கண்ணுக்குத் தெரியாமல் உட்கார்ந்திருக்கிறது.

பட்டர் ஃப்ரூட்? அதன் பெயர் பெர்சியா அமெரிக்கானா. பெர்சியா மேக்ராந்தா என்கிற கணக்கை எடுத்துக்கொண்டால் கோலமாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன். மெக்ஸிகோவில் பிறந்தவன் ஒருத்தன், மேற்குத்தொடர்ச்சி மலையிலும் இலங்கையிலும் பிறந்தவன் ஒருத்தன். தாண்டிக்குடியில் பத்தடி தள்ளி நிற்கிறார்கள். ஒருத்தனுக்குப் பூச்சி மருந்து, உரம், விலை எல்லாம் உண்டு. மற்றவன் ஓடைச் சரிவில் தானாக முளைத்தவன்.

சென்னையில் இந்தக் குடும்பத்து ஆள் யாராவது தானாக வளர்கிறார்களா என்று பார்த்தால், இருக்கிறார், ஆனால் வெளியில் சொல்லிக்கொள்ளும்படி இல்லை. ஈ.சி.ஆர். பக்கம் கடலோர மணல்மேட்டில், புதர்கள்மேல் பச்சையும் மஞ்சளுமாக நூல்கண்டைச் சிக்கலாக்கி வீசினமாதிரி படர்ந்திருக்கும். இலை கிடையாது, நிலத்தில் வேர் கிடையாது, அடுத்த செடியில் உறிஞ்சிக்கொண்டு வாழ்வது. கொத்தான். இத்தனை பெரிய மரங்களைப் பெற்ற குடும்பத்தில் இப்படி ஒரு பிள்ளை. எந்தக் குடும்பத்தில் இல்லை?

கோலமாவுக்குத் திரும்புகிறேன். பசுமைமாறாக் காடுகளின் மரம், முப்பது மீட்டர்வரை உயரும். பெரியவர் காட்டித்தான் பார்த்தேன், இலைகள் கிளை முழுக்க இல்லாமல் நுனியில் கொத்தாக நிற்கின்றன. தளிர் வரும்போது சிவப்பாம். பூவில் ஒரு விசேஷம். இந்தக் குடும்பத்தில் மகரந்தப்பை நம் ஊர்ச் செடிகளில் பார்க்கிற மாதிரி நீளவாக்கில் வெடிக்காது. சின்னக் கதவு இருக்கும், கீழிருந்து மேலாகத் திறந்து தூக்கிக்கொள்ளும், பெட்டிக்கடைப் பலகையைத் தூக்கிக் கொம்பு முட்டுக்கொடுத்து நிறுத்துவார்களே, அப்படி. பட்டர் ஃப்ரூட் பூ இன்னும் ஒரு படி மேலே. அது இரண்டு தடவை திறக்கும். முதல் தடவை பெண்ணாகத் திறந்து மூடிக்கொள்ளும், மறுதடவை ஆணாகத் திறக்கும். தனக்குத் தானே சூல் கொள்ளாமல் இருக்க இந்த ஏற்பாடு.

நான் போனபோது காய்க்காலம். கோலிக்குண்டை விடக் கொஞ்சம் பெரிய உருண்டை. பச்சையில் வெள்ளைப் புள்ளி, பழுத்தால் கறுநீலம். காம்புப் பக்கம் பூவின் ஆறு இதழும் உதிராமல் பின்னால் மடங்கி ஒட்டிக்கொண்டிருக்கும், குட்டிப் பாவாடை மாதிரி. "புறா வரும் தாயி. மலைமொங்கான் எங்க தாத்தா காலத்துல வந்திச்சாம்" என்றார் பெரியவர். மலைமொங்கான் என்றால் இருவாச்சி. ஆனைமலைக் காடுகளில் இன்னும் இருக்கிறது. அத்திக்கு அடுத்து அதற்கு இந்தக் குடும்பத்துப் பழங்களில் ஆசை அதிகம். முழுசாக விழுங்கி, சதையை வைத்துக்கொண்டு, கொட்டையை வேறெங்கோ போய்த் துப்பும். அத்தனை பெரிய கொட்டையைக் காட்டுக்குள் சுமந்து போய்ப் போட வேறு ஆள் அதிகம் இல்லை. வால்பாறையில் தேயிலைக்கு நடுவே மிஞ்சின காட்டுத் துண்டுகளை மறுபடி மரம் நட்டு மீட்கிறவர்கள், நாற்றங்காலில் இந்த மாதிரி மரங்களை முளைக்கவைப்பதற்குக் காரணமும் அதுதான். பழம் இருந்தால் பறவை வரும், பறவை வந்தால் மீதியை அது பார்த்துக்கொள்ளும்.

பெரியவர் என்னை இன்னோர் இடத்துக்கு அழைத்துப் போனார். ஓடைக்கு அந்தப் பக்கம், பக்கத்துத் தோட்டத்து எல்லையில், இலையே இல்லாமல் நின்றது ஒன்று. என் இடுப்பிலிருந்து ஆள் கைக்கு எட்டுகிற உயரம்வரை பட்டை கிடையாது, சுற்றிலும். வெயிலில் நரைத்து எலும்பு மாதிரி இருந்தது. எட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு ராத்திரி உரித்துவிட்டுப் போனார்களாம். ஒரு பக்கமாகக் கொஞ்சம் எடுத்திருந்தால் மரம் பிழைத்திருக்கும். இலை சமைக்கிற சாப்பாடு வேருக்குப் பட்டை வழியாகத்தான் இறங்குகிறது. சுற்றிவர உரித்தால் அந்த வழி அடைபட்டுப்போகிறது. உடனே சாகாது. மேலே பச்சையாகவே இருக்கும், ரெண்டு மூணு பருவம் பூக்கக்கூடச் செய்யும். கீழே வேர் பட்டினி கிடந்து செத்த பிறகுதான் மேலே தெரியும்.

மரத்தைப் பார்த்ததும் என் மனசு கணக்குப் போட்டது. அம்மா ஒரு நாளைக்கு மூவாயிரம் என்றால், ஏழு வருஷத்துக்கு... அப்புறம் நிறுத்திவிட்டேன். அந்தக் கணக்கு யார் தலையிலும் நியாயமாக விழாது. அன்றைக்குக் கைக்கு வந்த பைகளில் எது கோலமாவு, எது அதன் இன்னொரு பங்காளியான மைதா லகடி என்று யார் சொல்ல முடியும்? நாட்டு மருந்துக் கடையில் சுளுக்குக்கும் எலும்பு முறிவுக்கும் பற்றுப்போட விற்பார்களே, அதே மைதா லகடிப் பட்டையும் ஜிகட்டுதான். வியட்நாமில் அந்த மரத்தைத் தோட்டப் பயிராகவே நட்டு, வளர்த்து, வெட்டி, பட்டையை விற்கிறார்கள். நாம் காட்டிலிருந்து உரித்துக்கொண்டே இருந்தோம். கொஞ்ச வருஷம் வியட்நாமிலிருந்து வெறும் பத்தியே கப்பலில் வந்து இறங்கியது. 2019 ஆகஸ்ட் கடைசியில் அரசு அந்த இறக்குமதிக்குக் கட்டுப்பாடு போட்டது. அடுத்த வருஷம் மூங்கில் குச்சிக்கான வரியை 10 சதவீதத்திலிருந்து 25 ஆக்கியது. இங்கே உருட்டுகிறவர்களுக்கு வேலை வரட்டும் என்றார்கள். வேலை நிறைய மெஷினுக்குத்தான் போனது. மெஷினுக்கும் ஜிகட்டு வேண்டும். அது விடுகிற மாதிரி இல்லை.

தோழியிடம் கேட்டுக்கொண்டு, கீழே விழுந்திருந்த மூன்று பழத்தையும் அந்தப் பட்டைத் துண்டையும் எடுத்துவந்தேன். கொட்டை காய்ந்தால் உயிர் போய்விடும் என்று பெரியவர் சொல்லியிருந்ததால், ஈரத் தேங்காய் நாரில் சுற்றி டிபன் பாக்ஸில் வைத்துக் கொண்டுவந்தேன். பெரம்பூரில் எங்கள் ஃபிளாட் இரண்டாவது மாடி, கிழக்குப் பார்த்த பால்கனி. மூன்று தொட்டி. ஒன்று அழுகியது, ஒன்றை எலி தோண்டியது. மூன்றாவது ஜூலை நடுவில் முளைத்தது. தளிர் செம்பு நிறம். காலையில் வெயில் பின்னாலிருந்து விழும்போது உள்ளே விளக்கு எரிகிற மாதிரி இருக்கும். அம்மாவுக்கு எழுபத்தாறு வயது, என்னோடுதான் இருக்கிறாள். "இது என்னா செடி?" என்றாள். "ஜிகட்டும்மா" என்றேன். என்னை ஒரு தடவை, செடியை ஒரு தடவை பார்த்தாள். கேலி செய்கிறேன் என்று நினைத்துவிட்டு டிவிக்குப் போய்விட்டாள்.

ஐப்பசி மழையில் அது நன்றாக இருந்தது. ஏழு இலை. மார்கழியில் பனி விழுந்தபோது தாண்டிக்குடி என்றே நினைத்துக்கொண்டிருக்கும். மாசியில் இலை ஓரம் பழுப்பானது. எங்கள் போர் தண்ணீரில் உப்பு. குடிக்க வாங்குகிற கேன் தண்ணீரை ஊற்றினேன். "செடிக்குக் கேன் தண்ணியா? நல்லா இருக்குடி உன் சம்பாத்தியம்" என்றாள் அம்மா. தெர்மாகோல் பெட்டிக்குள் தொட்டியை வைத்தேன், பச்சை வலை கட்டினேன், ரெண்டு வேளை இலைக்குத் தெளித்தேன். கத்திரி தொடங்கின மூன்றாம் நாள், அலுவலகத்திலிருந்து வந்து பார்த்தபோது தண்டு மேலிருந்து கீழாகக் கறுத்திருந்தது. ஒரு வாரம் தண்ணீர் ஊற்றிக்கொண்டுதான் இருந்தேன். அம்மாதான் தொட்டியைத் தூக்கி ஓரமாக வைத்தாள். "மெட்ராஸ் அதுக்கு ஒத்துக்கல. வுடு."

சாயங்காலம் அவளே கேட்டாள். "நெசமாவே அது ஜிகட்டுதானா?"

பரண்மேல் பேப்பரில் சுற்றி வைத்திருந்த பட்டைத் துண்டை எடுத்துவந்து கையில் கொடுத்தேன். ஒரு வருஷம் காய்ந்து விறகுச் சில்லு மாதிரி இருந்தது. மூக்கில் வைத்துப் பார்த்தாள். நகத்தால் உள்பக்கத்தைச் சுரண்டினாள். எழுந்து போய், மிக்ஸியை விட்டுவிட்டு, சின்ன இரும்பு உரலைக் கொண்டுவந்து தரையில் உட்கார்ந்தாள். முட்டி வலிக்காக நாற்காலியை விட்டு இறங்காதவள். கால்மணி நேரம் இடித்து, டீ வடிகட்டியில் சலித்தாள். ரெண்டு ஸ்பூன் தேறியது. பொடியைப் பார்த்ததுமே அவளுக்குத் தெரிந்துவிட்டது என்று நினைக்கிறேன், இருந்தாலும் முறைப்படி ஒரு சிட்டிகை எடுத்து, எச்சில் தொட்டு, மூன்று தடவை தேய்த்து, விரலைப் பிரித்தாள். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் கிட்டத்தில் பார்த்தாள்.

"மரமா இது?" என்றாள். "கெமிக்கல்னு சொன்னானே."

எவ்வளவு உயரம் என்று கேட்டாள். நம் மொட்டைமாடியைத் தாண்டி, எதிர் பிளாக்கின் தண்ணீர்த் தொட்டியையும் தாண்டி என்றேன். பூக்குமா என்றாள். பூக்கும் என்றேன். வாசனை இருக்குமா என்றாள். நான் பூக்கிற சீசனில் போகவில்லை என்றேன். பட்டையை உரித்தால் மரம் என்ன ஆகும் என்று அவள் கேட்கவில்லை. நானாகச் சொல்லவும் இல்லை.

இஸ்திரிக்காரரிடமிருந்து நாலு கரித்துண்டு வாங்கிவரச் சொன்னாள். அதையும் இடித்தாள். மணைப்பலகை எப்போதோ போய்விட்டது, சப்பாத்திப் பலகையைக் கவிழ்த்துப் போட்டாள். மூங்கில் குச்சிக்குப் பதில் துடைப்பத்திலிருந்து ஓர் ஈர்க்குச்சி. மாவு முதலில் உதிர்ந்தது, அப்புறம் கையோடு வந்தது. இடது கையில் குச்சி. வலது கை நடுங்கிக்கொண்டிருந்தது, பலகையைத் தொட்டதும் நடுக்கம் நின்றது. ஒரே உருட்டு. ரெண்டு விரல்கடை விட்டு மாவு நின்றது.

பத்தியை ஜன்னல் கட்டையில் காயவைத்துவிட்டு, கறுத்த கையைப் புடவையில் படாமல் தூக்கிப் பிடித்தபடி என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"ஒண்ணு ஆச்சு. நோட்டுல எழுதிக்கோ."